அலுமாரிக்குள் இருந்த வரிச்சீருடை

யுத்த காலம். தொண்ணூறுகளின் பிற்பகுதி. ஒரு செவ்வாய்க்கிழமை விடியற்காலை கொட்டாஞ்சேனையில் எங்கள் ஒழுங்கையை இராணுவம் சுற்றிவளைத்தது. எங்கள் வீட்டு அலுமாரியைத் திறந்த சிப்பாய், என் மனைவியின் கூறைச் சேலைக்குப் பின்னால் கைவிட்டு, இயக்கத்தின் வரிச்சீருடை ஒன்றை இழுத்தெடுத்தான். அதை அங்கே ஒளித்து வைத்தது நான்தான்.

என் மனைவி ஜெசி சிப்பாயைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.

“இது என்னப்பா? எனக்குத் தெரியாம என்ன செய்யிறியள்?”

பதினாலு வருசம் ஒரே பாயில் படுத்தவள் அப்படிக் கேட்டாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன். அந்தக் காலத்தில் யார் யார் என்று யாருக்குத் தெரியும்? சட்டை போடக்கூட விடாமல் என்னை ஏற்றிக்கொண்டு போனார்கள்.

செவ்வாய் நவநாள் பூசைக்கு வந்திருக்கிற சகோதரங்களே, உங்களில் சிலருக்கு என் முகம் பழக்கமாக இருக்கும். எங்கே பார்த்தது என்றுதான் பிடிபடாது. நான் தொலைக்காட்சி நாடகங்களிலும் ஓரிரு படங்களிலும் துணை நடிகனாக இருந்தவன். சிங்கள நாடகத்துக்கு ஒரு தமிழன் தேவைப்பட்டால் என்னைக் கூப்பிடுவார்கள். முதலில் அடகுக் கடைக்காரன், பிறகு தோட்டத்துக் கங்காணி. யுத்தம் முற்றியதும் எனக்குப் பயங்கரவாதி வேடம் மட்டும்தான் கிடைத்தது. எந்த வேடமானாலும் நாலு வசனம். நாடகம் முடிந்து பெயர்கள் ஓடும்போது என் பெயரைத் தேடி ஜெசி கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்ப்பாள். வராது.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம். பெரிய நடிகர்களின் உடுப்பைப் பார்க்க ஆள் இருக்கும். எங்களைப் போன்றவர்களின் உடுப்பை ஒரு சாக்கில் போட்டுக் கட்டுவார்கள். மறுநாள் யார் முதலில் கை வைக்கிறானோ அவனுக்கு நல்ல உடுப்பு. பாதிக் காட்சி இன்றைக்கும் மீதி நாளைக்கும் எடுப்பார்கள். கறை இடம் மாறினாலும், கை மடிப்பு மாறினாலும் ஏச்சு விழும். சில நேரம் வேடமே போய்விடும். ஆகவே நாங்கள் உடுப்பைக் களவாக வீட்டுக்குக் கொண்டுபோவோம். கங்காணி வேட்டியைக் கொண்டுபோனால் யார் கேட்பார்கள்?

அந்தத் திங்கட்கிழமை வத்தளைக்கு அப்பால் ஒரு தென்னந்தோட்டத்தில் நான் சாகிற காட்சி. என் வாழ்க்கையில் முதல் தடவையாகக் கமரா என் முகத்துக்குக் கிட்ட வந்தது. பாதியில் வெளிச்சம் போய்விட்டது. மீதி நாளைக்கு என்றார்கள். அந்தச் சட்டையை இன்னொருவன் போட்டால் என் சாவு அவனுக்குப் போய்விடுமே என்று எனக்கு ஒரே பதைப்பு. சட்டையை நான் கட்டுகிற சாரத்துக்குள் சுற்றிக்கொண்டு, அனுமதி பெற்ற படப்பிடிப்பு வான் வண்டியில் ஏறினேன். சோதனைச் சாவடியில் வானை மறிக்கவில்லை. ஜெசி கண்டால் ஏசுவாள் என்று அலுமாரிக்குள் செருகினேன். புத்தி கெட்ட வேலைதான். ஆசை கண்ணை மறைத்தது.

பொலிசில் எல்லாவற்றையும் சொன்னேன். பொறுப்பதிகாரி பொறுமையான மனிதர். என் முன்னாலேயே தயாரிப்பு அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தார். தயாரிப்பு முகாமையாளருக்கு என்னைப் பத்து வருசமாகத் தெரியும். உடுப்பெல்லாம் பெட்டிக்குள் பத்திரமாக இருக்கிறது, வெளியே ஒன்றும் போகவில்லை, அப்படி ஒரு நடிகரை ஞாபகமில்லை என்று அவர் சொல்லிவிட்டார். சீருடைக்கு வாங்கிய அனுமதி பறிபோய்விடும் என்று பயந்திருக்கிறார். பேதுருவானவர் ஆண்டவரைத் தெரியாது என்று மறுதலித்ததைக் கோயிலில் எத்தனை தடவை கேட்டிருப்பேன். அன்றைக்குத்தான் அது உறைத்தது.

பின்னேரம் ஐந்து மணிக்கு வான் வரும், மேலிடத்தில் விசாரிப்பார்கள் என்றார் அதிகாரி. அந்த வானில் ஏறியவர்கள் எப்போது திரும்புவார்கள் என்று யாருக்கும் தெரியாது.

கூண்டுக்குள் என்னோடு இன்னொருவர் இருந்தார். முழங்காவில் ஊர்க்காரர், கனகரத்தினம் அண்ணர். வெளிநாடு போக லொட்ஜில் காத்திருந்தவர். பொலிஸ் பதிவுத் துண்டு இல்லையென்று பிடித்திருந்தார்கள். அவர் திருநீறு பூசின நெற்றியோடு சுவரில் சாய்ந்திருந்தார். நான் மூலையில் முழங்காலில் நின்றேன்.

உண்மையைச் சொல்கிறேன், அதுவரை என் செபமெல்லாம் பெரிய வேடம் கேட்கிற செபம்தான். அன்றைக்கு அழுது கேட்டேன். “ஆண்டவரே, எனக்கு வேடமே வேண்டாம். நான் ஆர் எண்டு இவைக்குச் சொல்ல ஒரு ஆளை அனுப்பும். ஜெசி என்னை நம்ப வேணும். அது போதும்.” அதே நேரம் ஜெசி கோயிலில் நவநாள் பூசையில் நின்றிருக்கிறாள். நம்பினாளா என்று பிறகு கேட்டேன். நம்பவும் ஏலவில்லை, நம்பாமல் இருக்கவும் ஏலவில்லை, அதைத்தான் ஆண்டவரிடம் கொடுத்தேன் என்றாள்.

நாலு மணியிருக்கும். குடையும் ஒரு தடித்த கோப்புமாக ஒரு பெண் உள்ளே வந்தாள். நிலந்தி. எங்கள் படப்பிடிப்பில் காட்சித் தொடர்ச்சி பார்க்கிறவள். யாருடைய கையில் மணிக்கூடு, யாருடைய சட்டையில் எத்தனை பொத்தான் என்று எழுதி வைப்பதுதான் அவள் வேலை. சிங்களப் பெண், புத்த சமயம். என்னோடு சிரிப்பதைத் தவிர அதிகம் கதைத்ததில்லை. முகாமையாளர் மத்தியானம் தோட்டத்துக்கு வந்து, என் உயரத்தில் வேறு ஆளைப் பிடியுங்கள் என்றாராம். ஏன் என்று இவள் விடாமல் கேட்டிருக்கிறாள். அவர் விசயத்தைச் சொல்லி, வாயைப் பொத்திக்கொண்டிரு என்றும் சொன்னாராம். இவள் கோப்பைத் தூக்கிக்கொண்டு நீர்கொழும்பு வீதிக்கு வந்து பஸ் ஏறிவிட்டாள்.

கோப்பை அதிகாரியின் மேசையில் விரித்தாள். எடுத்தவுடன் படம் வெளியே வருகிற கமராவால் எடுத்த படம். வரிச்சீருடையோடு நான் செத்துக் கிடக்கிறேன். பக்கத்தில் காட்சி எண் எழுதிய பலகை. கீழே அவள் கையெழுத்து: இடது கை மூன்று மடிப்பு, இரண்டாம் பொத்தான் இல்லை, வலது தோளில் சேறு. அதிகாரி சீருடையை எடுத்துப் பார்த்தார். மூன்று மடிப்பு. பொத்தான் இல்லை. சேறு இருந்தது.

ஆனாலும் அவர் விடவில்லை. என்னை வெளியே எடுத்து, படத்தில் கிடக்கிற மாதிரிக் கிட என்றார். பொலிஸ் நிலையத்துச் சீமெந்துத் தரையில் படுத்தேன். கையைச் சரியாக வைத்தேன். கழுத்தைத் திருப்பினேன். வாயை அரைவாசி திறந்தேன். அப்போது என்னையறியாமல் கண்ணீர் வழிந்து காதுக்குள் போனது. எவ்வளவு அடக்கியும் முடியவில்லை.

அதிகாரி படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு குனிந்து சிங்களத்தில் மெதுவாகச் சொன்னார், “செத்தவன் அழக் கூடாது. எழும்பு.”

சீருடையைத் தங்களிடம் வைத்துக்கொண்டு, நிலந்தியிடம் கையெழுத்து வாங்கி, என்னைப் போகச் சொன்னார்கள். கனகரத்தினம் அண்ணருக்கு ஒருவரும் வரவில்லை. “நீங்கள் போங்கோ தம்பி. என்ர பேரை மட்டும் விட்டிடாதேங்கோ,” என்றார். அவரும் அன்றைக்குத் தன் முருகனைக் கூப்பிட்டவர்தான். எனக்கு மட்டும் ஏன் ஆள் வந்தது என்று ஆண்டவரிடம் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். பிறகு தேடிப் போனேன். எங்கே கொண்டுபோனார்கள் என்று ஒருவரும் சொல்லவில்லை. செவ்வாய்தோறும் அவர் பெயரைப் பூசையில் மன்றாடச் சொல்லிக் கருத்தாக எழுதிக் கொடுக்கிறேன்.

வீட்டு வாசலில் ஜெசி நின்றாள். என் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துப் பார்த்துவிட்டு, தேத்தண்ணி போடப் போனாள். அன்றையிலிருந்து அவளுக்குத் தெரியாமல் ஒரு கைக்குட்டையைக்கூட நான் அலுமாரிக்குள் வைத்ததில்லை.

நாடகத்தில் என் சாவை வெட்டிவிட்டார்கள். நிலந்தியை அந்த முகாமையாளர் பிறகு வேலைக்குக் கூப்பிடவில்லை. அது எனக்கு இன்றும் முள்தான். ஒரு மாதம் கழித்து ஜெசியும் நானும் அவள் வீட்டுக்குப் போய், ஏன் பிள்ளை வந்தாய் என்று கேட்டோம். அவள் வெட்கப்பட்டாள். “ஒண்டு குறைஞ்சா அதைக் கவனிக்கிறதுதானே அண்ணே என்ட வேலை,” என்று சிங்களத்தில் சொன்னாள். “அண்டைக்கு நீங்க குறைஞ்சீங்க.”

பெயர்கூட ஓடாத ஒருவன் கூட்டத்தில் குறைந்தால் அதைக் கவனிக்கிற கடவுள் நமக்கு இருக்கிறார். அவர் தம் பிள்ளைகள் என்று பார்த்துத்தான் ஆளனுப்புவார் என்றில்லை. பௌத்தப் பெண்ணின் கையில் குடையைக் கொடுத்தும் அனுப்புவார். இப்போது நானும் அந்த வேலையைத்தான் செய்கிறேன். நவநாள் முடிந்ததும் நீங்கள் இருக்கிற வாங்குகளைப் பார்ப்பேன். யார் குறைகிறார்களோ அவர்கள் வீட்டுக் கதவைத் தட்டுவேன்.

என்னைத் தேட யார் இருக்கிறார்கள் என்று குமைந்துகொண்டிருக்கிறவர்கள் அடுத்த செவ்வாய் நம்பி வாருங்கள். வராவிட்டால் தேடி வருவேன்.