சம்பந்தியம்மா கேட்ட சின்னக் கார்

கோயிலில் பார்க்கும்போதெல்லாம் நீங்கள் ஆளுக்கொரு விதமாகக் கேட்கிறீர்கள், அதனால் முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். ஆமாம், பாக்கியம் அண்ணி, சம்பந்தியை நான் அப்படித்தான் கூப்பிடுவேன், மாப்பிள்ளையின் அம்மாவாக எங்கள் வீட்டுக்கு வந்து கார் விஷயம் பேசியது உண்மைதான். அதனால் கல்யாணம் நிற்கப் பார்த்ததும் உண்மைதான். ஆனால் நீங்கள் நினைப்பது போல அல்ல. கொடுக்கிறேன் என்ற பெரிய காரை வேண்டாம் என்று சொல்லி, சின்னக் கார் கேட்டுச் சண்டை வந்த கல்யாணம் இந்தக் கேமரன் மலையில் எங்களுடையது ஒன்றாகத்தான் இருக்கும்.

அண்ணி போன செய்தி வெள்ளிக்கிழமை காலையில் வந்தது. மாரியம்மன் சந்நிதி விளக்குக்கு எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்தேன். என் மகள் கவிதா போன் செய்து, "அம்மா, அத்தை போயிட்டாங்க" என்றாள். தானா ராத்தா ஆஸ்பத்திரியில் படுத்திருப்பவர் எங்கே போவார்? டாக்டரோடு வாக்குவாதம் செய்துவிட்டு வீட்டுக்குக் கிளம்பிவிட்டார் என்றுதான் எனக்குத் தோன்றியது. செய்யக்கூடிய ஆள்தான். "எந்த பஸ்ல?" என்று கேட்டுவிட்டேன். அந்தப் பக்கம் கவிதா அழ ஆரம்பித்த பிறகுதான் எனக்கு விளங்கியது. எண்ணெய் விளக்கைத் தாண்டித் தரையில் ஓடிக்கொண்டிருந்தது. அம்மன் மன்னிப்பாள்.

அண்ணியைக் கம்போங் ராஜாவில் எல்லோருக்கும் தெரியும். காய்கறிக் கொட்டகையில் முட்டைக்கோஸ் தரம் பிரிக்கும் வேலை. கணவர் காய்கறி லாரி ஓட்டியவர், முன்பே காலமாகிவிட்டார். ஒரே பிள்ளை குமரன், தோட்டங்களுக்குத் தண்ணீர்க் குழாய் பொருத்துகிறான். அவனுக்கும் கவிதாவுக்கும் சம்பந்தம் பேச அண்ணி எங்கள் தேயிலைத் தோட்டத்து வீட்டுக்கு வந்த அன்று என் அண்ணன் நடேசன் ஈப்போவிலிருந்து வந்திருந்தார். கட்டடக் குத்தகை எடுப்பவர், கொஞ்சம் கனமான உடம்பு, அதைவிடக் கனமான குரல். தட்டில் வைத்த பலகாரத்தை யாரும் தொடுவதற்கு முன்பே அவர் அறிவித்துவிட்டார்.

"எம் மருமகளுக்கு ஏழு பேரு உக்கார்ற காடி. தாய்மாமன் சீர்னா சும்மாவா?"

எங்கள் பக்கத்தில் காரைக் காடி, சாலையைச் சடக்கு, பெட்ரோலை எண்ணெய் என்றுதான் சொல்வோம். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அண்ணி காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு நிதானமாகக் கேட்டார்.

"செவ்வாக்கிழம அதுல யாரு உக்காருவா அண்ணே?"

யாருக்கும் புரியவில்லை. நான் முந்திக்கொண்டு, செவ்வாய்க்கிழமை எனக்கு விரதம், நான் எங்கேயும் போவதில்லை என்று சொன்னேன். என் வீட்டுக்காரர் என்னை முறைத்தார்.

தைப்பூசத்துக்குக் குடும்பத்தோடு ஈப்போ வரலாமே என்றார் அண்ணன். அதற்கு அண்ணி சொன்னதுதான் வினை.

"தைப்பூசம் வருசத்துல ஒரு நாளு. மத்த நாளு என் மருமக ஒருத்திதான் ஓட்டிக்கிட்டுப் போவா. காலி சீட்டுக்கெல்லாம் யாரு எண்ண ஊத்துறது? பின்கதவ மேல தூக்குற சின்னக் காடி இருக்குல்ல, அது போதும் லா."

அண்ணனுடைய முகம் மாறிவிட்டது. தன்னைச் சின்னக் கார் கொடுக்கும் ஆளாக நினைத்துவிட்டாள், இவ்வளவு வசதிதான் என்று அளந்துவிட்டாள் என்று அவருக்குக் கோபம். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, இனி இந்த வீட்டு வாசலை மிதித்தால் கேள் என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போய்விட்டார். காப்பி ஆறிப்போய் அப்படியே இருந்தது. எனக்கு இருப்பது ஒரே அண்ணன். தாய்மாமன் இல்லாமல் மணவறையில் பெண்ணை எப்படி உட்கார வைப்பது? அண்ணனைச் சமாதானப்படுத்தினால் சம்பந்தி மனம் நோகும், சம்பந்தி பேச்சைக் கேட்டால் அண்ணன் வரமாட்டார். கவிதா அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். நான் மாரியம்மனுக்கு மாவிளக்கு நேர்ந்துகொண்டேன். அப்போது எனக்குத் தெரிந்த வழி அதுதான்.

அடுத்த ஞாயிறு அண்ணி கோயிலுக்கே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை. தன் வீட்டுக் கதையைச் சொன்னார்.

"எங்க வீட்டுக்காரர் ஒரு காடி வாங்குனாரு சம்பந்தி. மூக்கு மட்டுமே என் அடுப்பாங்கர நீளம். லாரி ஓட்டுன மனுசன், பெருசாத்தான் பிடிக்கும். ரோட்டெக்ஸ் கட்டுற மாசம் பாத்து டயர் தேஞ்சிருக்கும். டயர மாத்துனா இன்சூரன்ஸ் வந்து நிக்கும். கடைசில படுதா போட்டு மூடி வச்சோம். எங்க கோழி அதுக்கு அடியில போயி முட்ட போட்டுச்சு. அந்தக் காடி எங்களுக்குத் திருப்பிக் குடுத்தது அந்த முட்ட ஒண்ணுதான்."

நான் சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார். பிறகுதான் விஷயத்துக்கு வந்தார். கார் பெரிதானால் விலை மட்டுமா பெரிதாகிறது? எஞ்சின் அளவைப் பார்த்து ரோட்டெக்ஸ் என்கிற சாலை வரி. எஞ்சினையும் விலையையும் பார்த்து இன்சூரன்ஸ். சக்கரம் பெரிது, அதனால் ஒவ்வொரு டயரும் விலை கூட. உடம்பு கனம், அதனால் நம் மலைச் சடக்கில் வளைவுக்கு வளைவு மிதித்து பிரேக் சீக்கிரம் தேயும். அண்ணன் கொடுப்பது முன்பணம் மட்டும், மீதி வங்கிக் கடன். மாதாமாதம் கட்டுவது பிள்ளைகள். கவிதாவுக்குப் பாலர் பள்ளிச் சம்பளம். குமரனுக்கு மழை பெய்தால் ஒரு கூலி, பெய்யாவிட்டால் ஒரு கூலி. கல்யாணமாகிக் கம்போங் ராஜாவுக்கு வந்த பிறகு கவிதா தினமும் தானா ராத்தா போய்வர வேண்டும். அந்த நேரத்துக்குப் பஸ் கிடையாது.

"காடிக்குக் கட்ட முடியலன்னா அது வீட்ல நிக்கும். அது நின்னா இவ வேலைய விடணும். அப்புறம் ரெண்டு பேரும் வாசல்ல உக்காந்து அந்தக் காடிய துடைச்சிக்கிட்டு இருக்க வேண்டியதுதான். நான் துடைச்சிருக்கேன் சம்பந்தி."

அவர் என் மகளுக்காகத்தான் பேசினார் என்று அன்று எனக்குப் புரிந்தது. ஆனால் அதை அண்ணனிடம் போய் யார் சொல்வது?

அதை அந்த மாரியம்மன்தான் பார்த்துக்கொண்டாள். கல்யாண நாள் குறிப்பது பற்றிப் பேச ஒருநாள் நான் அண்ணி வீட்டுக்குப் போயிருந்தேன். வாசலில் ஒரு கப்பல் வந்து நின்றது. அண்ணன்தான், கூட்டாளியிடம் அந்த ஏழு இருக்கைக் காரை இரவல் வாங்கி ஓட்டி வந்திருந்தார். ஒரு தடவை ஏறிப் பாருங்கள் சம்பந்தியம்மா, அப்புறம் பேசுங்கள் என்று அழைத்தார். அண்ணி மறுபேச்சு இல்லாமல் பின்சீட்டில் ஏறினார், நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். சீட்டைத் தடவிப் பார்த்து, நல்லா இருக்கு அண்ணே, மெத்து மெத்துன்னு இருக்கு என்றார். அண்ணன் கண்ணாடியில் என்னைப் பார்த்துப் புருவத்தைத் தூக்கினார்.

பிரிஞ்சாங் வரை ராஜ பவனிதான். எங்கள் தோட்டத்துச் சடக்கில் ஏறினோம். அதன் அகலம் உங்களுக்குத் தெரியும். ஒரு பக்கம் தேயிலைச் சரிவு, ஒரு பக்கம் மழைத்தண்ணீர் ஓடும் அல்லூர்ப் பள்ளம். நடு வழியில் கொழுந்து ஏற்றிய லாரி இறங்கி வந்தது. பாரம் ஏற்றிய லாரி நம் தோட்டத்தில் பின்னால் போகாது, எதிரே வருபவர்தான் ஒதுங்கும் இடம் வரை பின்னால் போக வேண்டும். அண்ணன் பின்னால் எடுத்தார். சின்ன வண்டியாக இருந்தால் அப்படியே ஒதுங்கியிருக்கலாம். இதற்குச் சடக்கின் அகலம் போதவில்லை. பின்சக்கரம் ஒன்று அல்லூருக்குள் இறங்கி, கார் ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது. நான் முருகா என்று அண்ணி மடியில் விழுந்தேன்.

கொழுந்து பறித்துக்கொண்டிருந்த பெண்கள் கூடையை வைத்துவிட்டு இறங்கி வந்தார்கள். தள்ளுவதற்கு முன் ஒருத்தி சுற்றி வந்து பார்த்துவிட்டுச் சொன்னாள். "என்னாங்கய்யா, ஏழு சீட்டு இருக்கு. தள்ளுறதுக்கும் ஏழு பேர ஏத்திக்கிட்டு வந்திருக்கலாம்ல."

அத்தனை பேரும் சிரித்தார்கள். லாரிக்காரரும் சிரித்தார். அண்ணன் கழுத்தெல்லாம் வேர்த்து நின்றார். இப்போது அண்ணி, நான் அப்பவே சொன்னேனே என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், கல்யாணம் அந்த அல்லூரோடு போய்விடும்.

அண்ணி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கினார். தானும் ஒரு கை கொடுத்துத் தள்ளினார். கார் மேலே ஏறியதும் கையைத் தட்டிக்கொண்டு எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்.

"காடி மேல ஒரு தப்பும் இல்ல அண்ணே. சடக்கு போட்டவன் சிக்கனம் பாத்துட்டான். உங்க காடிக்கு ஏத்த சடக்கு இவனுங்க எப்பப் போடுறது?"

அண்ணன் சடக்கின் அகலத்தைக் காலால் அளந்து பார்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "அதான் நானும் யோசிக்கிறேன். இந்தச் சடக்குக்கு ஏத்த மாதிரிதான் பாத்து வாங்கணும்" என்றார். அதற்குப் பிறகு சின்னக் கார் என்பது அண்ணனுடைய யோசனையாகிவிட்டது. இன்றுவரை ஈப்போவில் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருக்கிறார். அண்ணி ஒருநாளும் மறுத்ததில்லை.

அண்ணன் எதிலும் பாதியில் நிற்பவர் அல்ல. சின்னது என்று முடிவானதும், இருப்பதிலேயே சின்னதை வாங்கிவிடலாம் என்று குதித்தார். அண்ணி அதற்கும் தலையாட்டவில்லை. டவுனில் ஓடுகிறவர்களுக்கு அது போதும், அடிவாரத்துச் சிம்பாங் பூலாயிலிருந்து நான்கு பேரோடு மலை ஏறினால் அதன் எஞ்சின் முக்கும், முக்க முக்க எண்ணெய் குடிக்கும், மிச்சம் பிடித்தது அங்கேயே போய்விடும் என்றார். அதற்கு ஒரு அளவு மேலே உள்ளதுதான் நமக்கு என்றார். கடையில் அண்ணனைப் பின்சீட்டில் உட்கார வைத்து, அவருக்கு இரண்டு பக்கமும் என்னையும் கவிதாவையும் திணித்து, கதவைச் சாத்திப் பார்த்தார். சாத்தியது. "போதும், இந்தக் குடும்பத்துல இதுக்கு மேல அகலம் யாரும் இல்ல" என்றார். அண்ணன்தான் முதலில் சிரித்தார்.

காரை நம் கோயிலுக்குக் கொண்டுவந்து பூசை போட்டபோது நீங்கள் பலர் இருந்தீர்கள். சக்கரத்துக்கு ஒன்றாக எலுமிச்சம்பழம் வைத்துக்கொண்டே அண்ணி என் காதில் சொன்னதை நான் மறக்கமாட்டேன். "பெருசுக்கும் நாலு பழந்தான், சிறுசுக்கும் நாலு பழந்தான். அளவு பாத்து கேக்காதது சாமி ஒண்ணுதான் சம்பந்தி." பக்தியைப் பற்றி எத்தனையோ பேர் பேசிக் கேட்டிருக்கிறேன். எனக்கு இது போதும்.

கல்யாணம் நன்றாக நடந்தது, அண்ணன் மணவறையை விட்டு நகரவேயில்லை. கவிதா அந்தக் காரில்தான் ஓட்டப் பழகினாள், இன்றுவரை ஒருநாள்கூட வேலைக்குப் போக வழியில்லாமல் நின்றதில்லை. தைப்பூசத்துக்கு வாடகை வேன் பிடித்து எல்லோரும் போவோம், பாட்டுப் பாடிக்கொண்டு. போன தீமிதிக்குக் கஞ்சி காய்ச்சும் பெரிய அண்டாவைப் பிரிஞ்சாங்கிலிருந்து கொண்டுவர யாருமில்லை என்று நாம் தவித்தபோது, பின்சீட்டை மடக்கி, கதவை மேலே தூக்கி, அண்டாவை உள்ளே தள்ளி, அதற்கு மேல் கையைப் போட்டுக்கொண்டு அண்ணி வந்து இறங்கியது உங்களுக்கு நினைவிருக்கும். பெரிய கார் வைத்திருந்தவர்கள் சீட்டில் கரி படும் என்று யோசித்துக்கொண்டிருந்தார்கள்.

அண்ணி நெஞ்சு வலிக்கிறது என்றதும் ஆஸ்பத்திரிக்குப் போனது அந்தக் காரில்தான். அன்று நானும் அங்கே இருந்தேன். கவிதா ஓட்டினாள், அண்ணி முன்னால், நான் பின்னால் கந்தர் சஷ்டி கவசம் சொல்லிக்கொண்டு. வலியிலும் அண்ணி திரும்பி, "கொஞ்சம் வேகமாச் சொல்லு சம்பந்தி, நீ முடிக்கிறதுக்குள்ள ஆஸ்பத்திரி வந்துடும்" என்றார்.

அண்ணியிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது என்ன என்று கேட்டால், சடக்கின் மேல் பழியைப் போடும் அந்த வித்தையைத்தான் சொல்வேன். பதினாறாம் நாள் பந்தியில் சாப்பாடு குறைந்துவிட்டது என்று அண்ணனும் என் வீட்டுக்காரரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் நின்றார்கள். நான் இரண்டு பேருக்கும் நடுவில் போய், அண்டாதான் சிறியது என்றேன். இரண்டு பேரும் அண்டாவைத் திட்டினார்கள், பிறகு சேர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டார்கள். அண்ணி இருந்திருந்தால் என்னைப் பார்த்துக் கண்ணடித்திருப்பார்.

இதை எழுதும்போதுதான் ஒன்று நினைவுக்கு வருகிறது. ஆஸ்பத்திரி வாசலில் காரை நிறுத்திவிட்டு, கவிதா சக்கர நாற்காலி கொண்டுவர உள்ளே ஓடினாள். அப்போது அண்ணி என்னிடம் மெதுவாகச் சொன்னார், "முன்சக்கரத்துல பிரேக் கத்துது சம்பந்தி. இப்பச் சொன்னா பிள்ள பயந்துக்கும், நாளைக்கு நீ சொல்லிடு." நான் இன்னும் கவிதாவிடம் சொல்லவில்லை.