பாய் கேட்ட மன்னிப்பு

மாலை ஐந்து பத்துக்கு ரூம் கதவைத் திறந்தபோது முதலில் கண்ணில் பட்டது, தட்டுவதற்காகத் தூக்கிய ஒரு கை. வளைகுடாவில், சோஹாரில் எங்கள் தொழிலாளர் கேம்ப்புக்கு எதிரே மளிகைக்கடை வைத்திருந்த பாய். பேச்சைத் தொடங்குமுன் சட்டைப்பைப் பேனாவைத் தொட்டுப் பார்த்துக்கொள்வது அவர் வழக்கம். அன்றும் தொட்டார்.

"ஹஜ்ஜுக்குப் போறேன் தம்பி. போறதுக்கு முன்னாடி எல்லார்கிட்டயும் மன்னிப்புக் கேட்டுடணும். உங்களப் பத்திப் புறம் பேசிட்டேன்."

"என்னன்னு?"

"சரியான கஞ்சப்பயன்னு."

ரூமில் எல்லோரும் சிரித்தார்கள்.

"இதுக்குப் போயா, பாய்?"

"புறம் பேசுறத அரபில கீபத்னு சொல்லுவாங்க. காயிப்னா அந்த இடத்துல இல்லாதவன். அதுலேர்ந்து வந்த வார்த்தை. இல்லாதவன் எப்படிப் பதில் சொல்லுவான்? நெசத்தப் பேசினாலும் குத்தந்தான்."

"பொய்யாப் பேசினா?"

"அதுக்கு வேற பேரு தம்பி. அது ரொம்பப் பெரிசு."

அவர் கடை மோர் கெட்டது என்று மூன்று மாதத்துக்கு முன் கேம்ப் முழுக்கச் சொன்னவன் நான். அந்தப் பாட்டிலை சைட்டில் பகலெல்லாம் வெயிலில் வைத்துவிட்டுக் குடித்ததை மட்டும் சொல்லவில்லை. அதன்பின் கேம்ப்பில் யாரும் அவரிடம் சாமான் வாங்கவில்லை.

"மன்னிச்சுட்டேன், பாய்" என்றேன். என் கையை இரு கைகளாலும் பிடித்துக்கொண்டார்.

ஹஜ் முடிந்து அவர் சோஹாருக்குத் திரும்பவில்லை. வியாபாரம் படுத்ததால் கடையைக் கைமாற்றிவிட்டுத்தான் புறப்பட்டிருந்தார்.