நெடுந்தீவுச் சேற்றில் ஒரு குதிரை

குறிகட்டுவான் துறையில் வள்ளம் ஏறியதிலிருந்து என் வாய் ஓயவில்லை. எங்கள் தெருவில் முதலில் தொலைக்காட்சிப் பெட்டி வாங்கியவன் நான். ஐந்தாம் வகுப்பைத் தாண்டாவிட்டாலும், அதில் குதிரை வீரனாக வரும் அமெரிக்க நடிகரின் கதை முழுவதும் எனக்கு அத்துப்படி. முப்பது வயதுவரை லொறியில் மூட்டை ஏற்றியவர். குதிரையைத் தொட்டும் பாராமல், சவாரி தெரியும் என்று சொல்லிப் படத்தில் வேடம் கேட்டவர். என்னைப் போலத் தானாக எழும்பிய மனிதர்.

தீவில் இறங்கி நடக்கையிலும் கேட்டுக்கொண்டு வந்த மீனவர் சூசை திடீரென்று ஓடுகிறார். வற்றிய குளத்துச் சேற்றில் காட்டுக் குதிரை ஒன்று வயிறுவரை புதைந்து கிடக்கிறது. கரையில் அதன் குட்டி கனைக்கிறது.

சூசை கயிறு எறிகிறார். குதிரை மிரண்டு இன்னும் தாழ்கிறது.

"கயிறு பிறகு. அந்த நடிகர் முதலிலை குதிரையோடை கதைப்பார்."

"அவர் விழுந்தால் திரும்பவும் படம் பிடிப்பினம். உங்களை ஆர் அண்ணை தூக்கிறது?"

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்குகிறேன். அதன் கழுத்தைக் கட்டிப்பிடித்து வாயில் வந்ததையெல்லாம் சொல்கிறேன். அதன் இதயம் என் நெஞ்சில் இடிக்கிறது. மெல்ல நடுக்கம் அடங்குகிறது. கயிற்றை அதன் உடம்பில் சுற்றிக் கொடுக்க, சூசை கரையிலிருந்து இழுக்கிறார். குதிரை ஒரே எம்பலில் மேலே ஏறிவிடுகிறது.

நான் சேற்றிலேயே நிற்கிறேன்.

"ஏன் அண்ணை கதையை நிப்பாட்டிப்போட்டியள்? அவருக்கு வேடம் கிடைச்சதோ?"

ஓம் என்று தலையை மட்டும் ஆட்டுகிறேன். குட்டி பால் குடிக்கும் சத்தம் கேட்கிறது.