மருந்து தடவிய இலை

ஆராய்ச்சி நிலையத்தில் அவளுக்குப் பெயர் பசையக்கா. காயவைத்த செடிகளைக் கெட்டி அட்டையில் ஒட்டுவது அவள் வேலை. பசை கையில்தான், பையில் இல்லை என்று அவளே சொல்லிச் சிரிப்பாள். அவளுடைய மலைச் சனம் சாமிக்கு வைக்கிற செடி, காய்ச்சலுக்குக் குடிக்கிற செடி எல்லாம் அங்கே அலமாரிக்குள் அடைந்துகிடந்தன. பூச்சி அரிக்காமலிருக்க ஒவ்வொன்றின் மேலும் கடும் விஷத்தைத் தூரிகையால் தடவுவாள். அந்த விஷத்தை அங்கே எல்லோரும் மருந்து என்பார்கள்.

ஒருநாள் காலை அண்ணன் மலையிறங்கி வந்து நின்றான். அண்ணிக்கு விடாத காய்ச்சல். தாயில்லாத இவளைத் தூக்கி வளர்த்த அண்ணி. கஷாயம் வைக்கச் சாமி இலை காட்டில் ஒன்றுகூட இல்லை என்றான். எப்படி இருக்கும்? நிலையத்தார்தான் வேரோடு வாரிக்கொண்டு வந்துவிட்டார்களே. அந்த இலையை ஒட்டி முடித்த அட்டை மேசைமேல் கிடந்தது. அவன் கண் அதைவிட்டு அசையவில்லை.

அண்ணியை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவர அதிகாரியிடம் வண்டி கேட்கலாமென்று இவள் எழுந்தாள். போகிறபோக்கில் சொன்னாள்: "அதத் தொடாதண்ணா, பூரா மருந்து."

"எனக்குத் தெரியாதா?" என்றான் அண்ணன்.

தெரியும் என்கிறானே என்று நிம்மதியாகப் போனாள், பாவி. தொடாதே என்றது அவனுக்கு ஆபீஸ் சட்டம். மருந்து என்றால், அவன் தேடி வந்ததே அதுதானே.

அதிகாரி அவளை வெகுநேரம் நிற்கவைத்துவிட்டு, வண்டி செடிக்குத்தான், ஆளுக்கில்லை என்றார். திரும்பி வந்தால் அட்டையில் காம்பு மட்டும் இருந்தது. அண்ணனைக் காணோம்.

பஸ் பிடித்து, மேடேறி, மூச்சிரைக்க அவள் போய்ச் சேர்ந்தபோது அண்ணி கஷாயத்தைக் குடித்து முடித்திருந்தாள். சாமி இலையாச்சே, ஒரு சொட்டு சிந்தலாமா? பொழுது சாயுமுன் துடிதுடித்துச் செத்தாள்.

"விஷம்னு சொல்லியிருக்கலாமே" என்றான் அண்ணன். அதற்குப் பிறகு அவன் அவளிடம் பேசவேயில்லை.

விஷயம் தெரிந்து அதிகாரி நடுங்கிப்போனார், சாவை நினைத்தல்ல, நாற்காலியை நினைத்து. அந்த அட்டைக்குப் புதுச் சீட்டு எழுதினார்: 'மலைமக்கள் புனிதமாகக் கருதும் செடி. இயல்பிலேயே கொடிய நச்சு. காய்ச்சலுக்குக் குடித்த பெண் மாண்டாள்.'

செடியில் விஷமில்லை, நான்தான் தடவினேன் என்றாள் அவள்.

"அப்ப போலீஸ்ல அதையே சொல்லிடவா?" என்று அவர் சாந்தமாகக் கேட்டார்.

வீட்டில் மூன்று பிள்ளைகள். அவள் பசையைத் தொட்டு, சீட்டைக் கோணாமல் ஒட்டினாள்.