கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

எத்தனை முறை நடித்துக் காட்டினாலும் இன்னொன்று கேட்பார் என்பதால் அந்த இயக்குநருக்கு யூனிட்டில் 'ஒன்மோர்' என்று பெயர். ஒரே ஒரு காட்சியைத்தான் முதல் டேக்கிலேயே ஓகே செய்தார். தொற்றுநோய் வார்டில் அப்பா, கண்ணாடிக்கு வெளியே எட்டு வயது மகன். அப்பா கண்ணாடியில் உள்ளங்கையை வைக்கிறார். மகனுக்கு எட்டவில்லை. அது தன் சொந்த அப்பாவின் கடைசி நாள் என்று இயக்குநர் எல்லோரிடமும் சொல்லியிருந்தார்.

ஒலிக்கலவை செய்தவர் தயங்கித் தயங்கித்தான் பேச்செடுத்தார். பழைய விண்வெளிப் படம் ஒன்றில் இதே காட்சி இருக்கிறது என்றார். ஒன்மோருக்குச் சுருக்கென்றது. சின்ன வயதில் பார்த்த படம்தான்; கதைகூட நினைவில்லை.

தேடிப் பிடித்து, எடிட்டிங் அறையில் தனியாக உட்கார்ந்து பார்த்தார். வேற்றுக் கிரகத்திலிருந்து நோயோடு திரும்பிய விஞ்ஞானி கண்ணாடி அறைக்குள், வெளியே மகள். இசையே இல்லை, விஞ்ஞானியின் மூச்சு மட்டும். கேமரா மகளின் உயரத்தைவிட்டு ஏறவே இல்லை; அப்பாவின் முகம் கடைசிவரை முழுசாகத் தெரியவில்லை. ஒன்மோர் தன் காட்சியில் முகத்துக்குப் போயிருந்தார், வயலினை இழுக்க விட்டிருந்தார். மறுபடி போட்டுப் பார்த்தார். பொறாமைப்படக்கூட இடமில்லாத வேலை.

மறுநாள் அக்கா வீட்டுக்குப் போய், அப்பா இருந்த வார்டில் கண்ணாடி இருந்ததா என்று கேட்டார்.

"கண்ணாடியா? சாதாரண வார்டுதான். நடுவுல ஒரு பச்சைத் திரை."

"நான் வெளியில நின்னேனேக்கா."

அக்கா மடித்துக்கொண்டிருந்த துணியைக் கீழே வைத்தாள். "நீ வரவே இல்லடா. பயந்துடுவேன்னு அம்மா உன்னை அத்தை வீட்டுல விட்டுட்டாங்க. நீ அழுதுட்டே இருந்தியாம். அத்தை ஏதோ ராக்கெட் படத்துக்குக் கூட்டிட்டுப் போனாங்க."

அப்பா கடைசியாக என்ன சொன்னார் என்று கேட்டார். ஒன்றும் சொல்லவில்லை, மத்தியானம் தூங்கினவர் எழுந்திருக்கவில்லை என்றாள்.

எடிட்டர் கெஞ்சியும் கேட்காமல் அந்தக் காட்சியை வெட்டியெறிந்தார். படம் ஒரு வாரம் தாக்குப்பிடித்தது. அடுத்த படம் அமையவில்லை. விளம்பரங்கள் எடுத்துக் காலம் போனது.

பல வருடம் கழித்து, பிடித்த படத்தைப் பற்றி எழுதச் சொல்லி ஒரு பத்திரிகை கேட்டது. கேமராவின் உயரம், மூச்சுச் சத்தம், வெளிச்சம் விழும் கோணம் என்று நான்கு பக்கம் எழுதினார். தன் அப்பாவைப் பற்றி ஒரு வரி இல்லை.

படித்துவிட்டு அக்கா போன் செய்தாள்.

"அவ்வளவு நல்ல படமாடா?"

"நல்ல படம்க்கா."

ஒருநாள் சேர்ந்து பார்க்கலாமா என்று கேட்டாள். பார்க்கலாம் என்றார். இதுவரை பார்க்கவில்லை.