ரோசம்மாள் வீட்டு வைஃபையை நிறுத்திய நாள்

பழுதான இணைப்பைச் சரிசெய்தால் வாழ்த்துவார்கள். நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் இணைப்பை மாற்றியமைத்தால் ஊரே பகையாகும். கணித ஆசிரியையாக ஓய்வுபெற்று, இரணியல் பக்கம் ஃபைபர் இணைப்பு முகவராக இருக்கும் எனக்கு இதில் ஐயமில்லை. இத்தொழிலில் என்னுடன் உழலும் உங்களுக்கும் இராது.

ஒரு வகுப்பு, இரண்டு ஆசிரியர்கள்

என் வாடிக்கையாளர் ரோசம்மாளின் மருமகள் பெனிலா ஒரு சென்னை நிறுவனத்தில் காப்பீட்டுக் கோப்புகளைச் சரிபார்ப்பவள். வீட்டில் சம்பளம் வாங்குபவள் அவள் ஒருத்திதான். கைக்குழந்தையோடு வீட்டிலிருந்தே வேலை செய்ய நிறுவனம் இசைந்தது; ஆனால் அவளுடைய சொந்த ரவுட்டர் நேரடியாக இணைப்பில் இருக்க வேண்டும், வேறு எவரும் அதைப் பயன்படுத்தக் கூடாது. அன்று பிற்பகல் இரண்டு மணிக்குச் சோதனை.

அவள் புதிய ரவுட்டரை எங்கள் மோடத்தின் பின்னால் சொருகியிருந்தாள். ஒரே வகுப்பில் இரண்டு ஆசிரியர்கள் வருகைப்பதிவு எடுப்பதைப் போல இரண்டு பெட்டிகளும் ஒரே வேலையைச் செய்துகொண்டிருந்தன. மோடத்தைப் பிரிட்ஜ் மோடில் வைத்தால், அது வரும் இணைப்பை அப்படியே ரவுட்டரிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கிக்கொள்ளும் என்று விளக்கினேன். ரோசம்மாள் கேட்டார்: "அப்பம் மஸ்கட்டுல இருந்து வந்த எனக்க மவனப் போல, இதுவும் இனி வேலையில்லாம சும்மா குத்தியிருக்குமா டீச்சர்?"

இரண்டு கடவுச்சொற்கள்

பிரிட்ஜ் மோடுக்கு மாற்றுமுன் இணைப்பின் பயனர் பெயரையும் கடவுச்சொல்லையும் கையில் வைத்திருக்க வேண்டும். மாற்றியபின் அவற்றை ரவுட்டரில் பதிய வேண்டும். நம்மில் பலர் இதை மறந்துவிட்டு, வாடிக்கையாளர் வீட்டில் விழித்துக்கொண்டு நிற்பதுண்டு. நான் மறப்பதில்லை. என் பதிவேட்டைப் பார்த்து வாசித்தேன், பெனிலா தட்டினாள். இணைப்பு வரவில்லை. மறுபடியும் தட்டினாள். வரவில்லை. பதற்றத்தில் அவள் இரண்டு முறையும் பழைய வைஃபை கடவுச்சொல்லையே தட்டியிருந்தாள்.

மணி ஒன்றே முக்கால். அழுத குழந்தையைப் பெனிலா இடுப்பில் தூக்கிக்கொண்டாள். "இன்னிக்கு நடக்கல்லேன்னா இந்த வாரமே சென்னைக்கு பஸ் ஏறணும் டீச்சர். பிள்ளைக்கு இன்னும் பல்லுகூட மொளைக்கல்ல."

ஐந்து வீட்டு வைஃபை

மூன்றாம் முறை நானே தட்டினேன். பச்சை விளக்கு எரிந்தது. மோடத்தின் வைஃபையை அணைத்தேன். ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. பக்கத்து வீட்டுத் தாசையன் கைப்பேசியோடு வந்தான். அவன் பின்னால் இன்னும் மூன்று வீட்டுக்காரர்கள். "மாமி, ஒங்க வைஃபைக்கு என்ன ஆச்சு? ஒண்ணுமே வரல்ல!" அப்போதுதான் எனக்கு விளங்கியது: ரோசம்மாள் நான்கு வீடுகளுக்குக் கடவுச்சொல்லை வாரி வழங்கியிருந்தார்.

"பழைய பேரையும் பாஸ்வேர்டையும் புதுப் பெட்டியில போட்டுருங்க டீச்சர், எல்லாருக்கும் தன்னால வந்துரும்லா?" என்றான் தாசையன். அவன் சொன்னது முற்றிலும் சரி, ஆபத்தும் அதுவே. சோதனையின்போது அயலார் கைப்பேசி ஒன்று தென்பட்டாலும் பெனிலாவின் வேலை போய்விடும். இதைச் சொல்லி, "முடிவு உங்களுடையது" என்று ரோசம்மாளைப் பார்த்தேன். எந்நேரமும் நாலு பேர் தேடிவரும் வீடு என்பதில் அவருக்கிருந்த பெருமையை நான் அறிவேன்.

அவர் மருமகளைப் பார்த்தார். அவள் இடுப்பிலிருந்த குழந்தையைப் பார்த்தார். பிறகு தம் கைப்பேசியைத் தாசையன் கையில் திணித்தார்: "ஏலே மக்கா, டீச்சர் இங்கதானே நிக்குதாவ? நாளைக்கே உனக்க வீட்டுக்கு ஒரு கனெக்சன் எடு. இனி எனக்க போனுக்கும் உனக்க பாஸ்வேர்டுதான்."

இரண்டு மணிச் சோதனையில் பெனிலா தேறினாள் என்பதை எல்லோரிடமும் சொல்கிறேன். ஒரு பெட்டியை வாய்மூட வைத்ததில் எனக்கு நான்கு புதிய இணைப்புகள் கிடைத்தன என்பதைத் தொழில்முறையில் உங்களிடம் மட்டும் சொல்கிறேன்.