அம்மா எனக்கு முந்திச் சிரித்த படம்

எனக்கு அப்போது எட்டு வயது, உத்தியோகம் மொழிபெயர்ப்பாளர். டென்மார்க்கில் நாங்கள் இருந்த எஸ்பியர்க் நகரில் தமிழ்ப் பிள்ளைகள் முக்கால்வாசிப் பேருக்கு அதே உத்தியோகம்தான். டொக்டர் அறையில், கொம்யூன் என்ற நகரசபை அலுவலகத்தில், பள்ளிக்கூடக் கூட்டத்தில் டேனிஷில் சொல்வதையெல்லாம் தமிழாக்கி அம்மாவின் காதில் போட வேண்டும். ஆசிரியை பகிடி விட்டால், எல்லோரும் சிரித்து ஓய்ந்த பிறகு, நான் சொல்லி முடித்ததும் அம்மா தனியாகச் சிரிப்பார். அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனமும் இருந்தது.

ஒரு சனிக்கிழமை நூலகத்தில் பழைய ஊமைப்படம் காட்டினார்கள். நடிகர்கள் முழுக்க மிருகங்கள். கோட்டும் தொப்பியும் போட்ட நாய் ஒன்று சாப்பாட்டுக் கடையில் மிடுக்காக உட்கார்ந்திருந்தது. பரிமாற வந்தது குரங்கு. இடையிடையே திரையில் டேனிஷ் எழுத்து வரும். "முதலாளி கோவமா இருக்கிறாராம்..." என்று அம்மாவின் காதுக்குள் தொடங்கினேன். அதற்குள் குரங்கு வழுக்கி, சூப் முழுவதும் நாயின் தலையில் கொட்டியது. நாய் அசையவில்லை. மூக்கில் வழிந்ததை நக்கிவிட்டு, இன்னும் வேண்டும் என்பதுபோல வெறுங்கோப்பையைப் பார்த்தது.

அம்மா சிரித்தார். பஸ்ஸில் எங்களைச் சத்தமாகக் கதைக்க விடாத அம்மா, மண்டபம் அதிர, எல்லோருக்கும் முதல் சிரித்தார். பக்கத்துக் கதிரையில் இருந்த டேனிஷ் கிழவி அம்மாவின் கையைப் பிடித்துக்கொள்ள, இரண்டு பேரும் கண்ணீர் வரச் சிரித்தார்கள். நான் திடுக்கிட்டுப் போனேன்.

"பொறுங்கோ அம்மா, நான் இன்னும் சொல்லேல்லை," என்று சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

"சும்மா இரு பிள்ளை, நான் பாக்கிறன்."

அதற்குப் பிறகு வந்த எழுத்து ஒன்றையும் நான் வாசித்துச் சொல்லவில்லை. அம்மா கேட்கவுமில்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

வீட்டில் அப்பா படம் எப்படி என்று கேட்டார். அம்மா சப்பாத்தைக்கூடக் கழற்றாமல், குரங்கு நடந்த மாதிரி நடந்து காட்டத் தொடங்கினார்.

"அம்மாவுக்கு ஒண்டும் விளங்கேல்லை அப்பா. எல்லாம் நான்தான் சொல்லிக் குடுத்தனான்," என்றேன்.

அம்மா நின்றுவிட்டார். என்னைப் பார்த்தார். "ஓம், பிள்ளைதான் சொன்னவ," என்றபடி குனிந்து சப்பாத்தைக் கழற்றினார்.

நான் சொன்னது பொய் என்று எனக்குத் தெரியும். அம்மாவுக்கும் தெரியும். பிறகு ஏன் ஓம் என்றார் என்பது அன்று எனக்கு விளங்கவில்லை. உத்தியோகம் திரும்பக் கிடைத்த சந்தோஷத்தில் வயிறு முட்டச் சோறு சாப்பிட்டேன்.